பத்தமடை கோரைப்பாய்: மூணு பாய் வாங்கி நாலு வருசம் படுத்துப் பாத்துட்டு எழுதுறேன்

சொந்தக்காரங்க, ஆபீஸ்ல கூட வேலை பாக்குறவங்கன்னு வாரத்துக்கு ஒருத்தராவது "கோரைப்பாய் வாங்கணும், எங்க வாங்குறது, எவ்வளவு ஆகும்"னு கேக்குறாங்க, ஒவ்வொருத்தருக்கும் வாய்ஸ் நோட் அனுப்பி அனுப்பி ஓஞ்சு போயிட்டேன், அதனால எனக்குத் தெரிஞ்சதை ஒரே இடத்துல எழுதிடுறேன். நான் இதுவரைக்கும் மூணு பாய் வாங்கியிருக்கேன். முதல்ல பத்தமடைப் பாய்னு பேர் போட்டு ஆன்லைன்ல வித்த ஒண்ணு. ரெண்டாவது திருநெல்வேலி பக்கம் இருக்கிற பத்தமடைக்கே போய் நெய்யுறவங்க வீட்டுத் திண்ணையில உக்காந்து வாங்கின சாதா பாய். மூணாவது என் தங்கச்சி கல்யாணத்துக்கு மாப்பிள்ளை பொண்ணு பேர் போட்டு நெய்யச் சொன்ன பட்டுப்பாய், அதாவது பட்டு மாதிரி மெலிசா நெய்யுற கோரைப்பாய். மூணும் ஒரே கோரைதான்னு நினைப்பீங்க. தொட்டுப் பாத்தா மூணும் மூணு பொருள்.

மோசமான அனுபவத்தை முதல்ல சொல்லிடுறேன். ஆன்லைன்ல 2,400 ரூபா குடுத்து வாங்கினேன், போட்டோவுல சிவப்பு பார்டர் போட்டு ரொம்ப அழகா இருந்துச்சு, "கைத்தறி, பத்தமடை"ன்னு பெருசா எழுதியிருந்தாங்க. வந்தப்ப பாயை ரெண்டா மடிச்சு அட்டைப்பெட்டியில அமுக்கி அனுப்பியிருந்தாங்க, மடிச்ச இடத்துல கோரை எல்லாம் ஒரே கோடா ஒடிஞ்சிருந்துச்சு. ஒவ்வொரு கோரையும் துடைப்பக்குச்சி தடிமன், பாவு நூல், அதாவது நெடுக்க ஓடுற நூல், பூரா நைலான். அப்ப அம்மா எங்க வீட்லதான் இருந்தாங்க. அவங்க கல்லிடைக்குறிச்சிக்காரங்க, சின்ன வயசுல இருந்து பத்தமடைப் பாயிலயே படுத்து வளந்தவங்க. கண்ணாடி கூட போடல, உள்ளங்கையை பாய் மேல வச்சு குறுக்க ஒரு தடவ நெடுக்க ஒரு தடவ தடவுனாங்க, அவ்வளவுதான். "ஏட்டி, இது நம்ம பக்கத்துப் பாய் இல்ல, மிசின்ல அடிச்சது"ன்னாங்க. ரிட்டர்ன் கேட்டேன், பொருள்ல டேமேஜ் எதுவும் இல்லைன்னு பதில் வந்துச்சு, ஒடிஞ்ச கோட்டை போட்டோ எடுத்து அனுப்பினதுக்கு பதிலே வரல. நாலஞ்சு மாசத்துல மடிப்புக் கோடு பூரா முள்ளு முள்ளா எழும்பி நைட்டியை இழுக்க ஆரம்பிச்சுது, இப்ப அது பால்கனியில வடகம் காயப்போட உதவுது.

இதுல மெசின் பாயை நான் குறை சொல்லல, அதைத் தெளிவா சொல்லிடணும். காவேரிக்கரையில முசிறி, கரூர் பக்கமெல்லாம் கோரையை வயல்ல பயிராவே போடுறாங்க, ஒரு தடவ நட்டா பல வருசத்துக்கு அறுத்துக்கிட்டே இருக்கலாம், அந்தக் கோரையில விசைத்தறி ஓட்டி நெய்யுற பாய் நம்ம ஊர் கடைகள்ல நிறைய கிடைக்குது. வந்தவாசிப் பாயும் தனியா பேர் வாங்கினதுதான். ஐநூறு அறுநூறு ரூபாய்க்கு கீழ விரிச்சு சாப்பிட, விருந்தாளி வந்தா படுக்க, அந்தப் பாய் தாராளமா போதும், நல்ல பொருள்தான். அதையே பத்தமடைன்னு சொல்லி நாலு மடங்கு விலைக்கு விக்கிறதுதான் தப்பு. இதுல ஏமாந்தது நான் மட்டும் இல்ல, விரலைத் தேய்ச்சுத் தேய்ச்சு கோரை கிழிக்கிற அந்த ஊர்ப் பொம்பளைங்களையும் சேத்து ஏமாத்துறாங்க.

அந்த வருசம் பொங்கல் லீவுக்கு ஊருக்குப் போனப்ப அம்மாவே கூட்டிட்டுப் போனாங்க. திருநெல்வேலி புது பஸ் ஸ்டாண்ட்ல பாபநாசம் பஸ் ஏறினா சேரன்மாதேவிக்கு கொஞ்சம் முன்னாடி பத்தமடை. கன்னடியன் கால்வாய் தண்ணி பாயுற ஊரு, சுத்திப் பச்சைப் பசேல்னு வயலு. ரிஷிகேஷ்ல ஆசிரமம் வச்சிருந்த சுவாமி சிவானந்தா பொறந்த ஊரும் இதுதான்னு பஸ்லயே ஒரு பெரியவர் சொன்னாரு. நாங்க போனது பாய் நெய்யுற லெப்பைமார் தெரு. காலங்காலமா இந்த ஊர்ல இந்த வேலையைப் பிடிச்சு வச்சிருக்கிறது அந்த முஸ்லிம் குடும்பங்கதான், அதுலயும் கோரை கிழிக்கிறதுல இருந்து நெய்யுற வரைக்கும் பெரும்பாலும் பொம்பளைங்க கை.

ஒரு வீட்டு முன்னறையில தறி தரையிலயே விரிச்சிருந்துச்சு. நான் தறின்னா துணித்தறி மாதிரி உயரமா, காலால மிதிக்கிற மாதிரி இருக்கும்னு நினைச்சிருந்தேன். இங்க பாவு நூலை தரைக்கு ஒட்டினாப்ல நீளமா இழுத்துக் கட்டியிருக்காங்க, நெய்யுறவங்க நெய்ஞ்சு முடிச்ச பாய் மேலயே உக்காந்துக்கிட்டு முன்னாடி முன்னாடி நகர்ந்து போறாங்க. நீளமான ஒரு குச்சியில கோரையை மாட்டி நூலுக்கு ஊடால இந்தப் பக்கம் இருந்து அந்தப் பக்கம் ஓட்டி, கட்டையை இழுத்து ஒரு அடி. அடுத்த கோரை, இன்னொரு அடி. பக்கத்துல ஒரு கிண்ணத்துல தண்ணி, அப்பப்ப விரலை நனைச்சு கோரை மேல தெளிச்சுக்கிறாங்க. "காஞ்சா ஒடிஞ்சிரும் தாயி, மேகாத்து அடிக்கிற நாள்ல மத்தியானம் தறியில உக்காரவே முடியாது"ன்னாங்க அந்தக்கா. அறுபது வயசு இருக்கும், முக்காடு சரியச் சரிய ஒரு கையால இழுத்து விட்டுக்கிட்டே இன்னொரு கை ஓடிட்டே இருக்கு.

தறியை விட என்னை நிறுத்தி வச்சது மூலையில நடந்த வேலை. ஒரு பாட்டி கோரை கிழிச்சுக்கிட்டு இருந்தாங்க. கோரையைப் பத்தி ஒண்ணு சொல்லணும், இது புல்லு மாதிரி தெரிஞ்சாலும் புல்லு இல்ல, தண்ணி தேங்குற இடத்துல, ஆத்தோரம் வாய்க்காலோரம் சேத்துல வளர்ற சைப்பரஸ் (Cyperus) வகைச் செடி. நம்ம தோட்டத்துல பிடுங்கப் பிடுங்க வர்ற கோரைக்கிழங்கு இதுக்கு பங்காளி முறை, ஆனா அதுல பாய் நெய்ய முடியாது, பாய்க்கோரை ஆள் உயரத்துக்கு கணுவே இல்லாம ஒரே தண்டா நிக்கும். அந்த கணு இல்லாத நீளம்தான் பாய்க்கு வேணும். ஜப்பான்ல டாடாமி பாய்க்கு இகுசான்னு ஒரு செடி, அது வேற குடும்பம், அதுவும் ஈர நிலத்துல கணு இல்லாம நீட்டமா வளர்ற தண்டுதான். ரெண்டு ஊர்லயும் மனுசன் சேத்துல நிக்கிற செடியைப் பாத்து படுக்கை யோசிச்சிருக்கான்.

பாட்டி ஒரு தண்டை எடுத்து நுனியை எனக்குக் காட்டினாங்க. வெட்டின முகத்தைப் பாத்தா சுத்தமான வட்டம் இல்ல, மழுங்கின மூணு மூலை தெரியுது. உள்ள வெள்ளையா பஞ்சு மாதிரி சோறு, வெளிய பச்சைத் தோல். பாய்க்கு வேண்டியது அந்தத் தோல் மட்டும்தான். சோறு உள்ள இருந்தா கோரை தடியா இருக்கும், ஈரத்தை இழுக்கும், சீக்கிரம் ஒடியும். முதல்ல பச்சையா இருக்கும்போதே கிழிச்சு, சோத்தைச் சுரண்டி எடுத்து, வெயில்ல காயப் போட்டு, அப்புறம் கட்டாக் கட்டி ஆத்துல ஓடுற தண்ணியில நாள் கணக்கா ஊறப் போட்டு, ஊறி உப்பினதை எடுத்து திரும்பக் காய வச்சு, திரும்ப அதை இன்னும் மெலிசா கிழிக்கிறாங்க. சாதா பாய்க்கு கொஞ்சம் அகலமா விடுவாங்க. பட்டுப்பாய்க்கு ஒரு தண்டுல இருந்து எடுக்கிற இழை தையல் நூலுக்கு ஒரு சுத்து பெருசு, அவ்வளவுதான். பாட்டியோட ஆள்காட்டி விரல் உள்பக்கத்துல கத்தி ஓடி ஓடி ரேகையே இல்ல, வழவழன்னு இருக்கு. நான் ஒண்ணு கேட்டு வாங்கி கிழிச்சுப் பாத்தேன், அரை முழம் போறதுக்குள்ள கத்தி ஒரு ஓரமா இழுத்துட்டுப் போய் இழை அறுந்துச்சு. பாட்டி திரும்பக் கூட பாக்காம, பேசிக்கிட்டே, நுனியில இருந்து அடி வரைக்கும் ஒரே அகலத்துல கிழிச்சு தனியா வைக்கிறாங்க.

பாயோட விலை எல்லாம் இந்த மூலையிலதான் இருக்குன்னு எனக்கு அப்பதான் விளங்குச்சு. டிசைன், கலர், பார்டர் எல்லாம் அதுக்கு அப்புறம். கோரை எவ்வளவு மெலிசோ அவ்வளவு நூல் நெருக்கமா போடலாம், அதைத்தான் கவுண்ட்னு சொல்றாங்க. 100, 120ன்னு கவுண்ட் ஏற ஏற பாய் துணி மாதிரி ஆயிடும், வேலை நாளும் ஏறும்.

அன்னைக்கு சாதா பாய் ஒண்ணு 900 ரூபாய்க்கு வாங்கினோம், ஆறுக்கு மூணரை அடி, ரெண்டு ஓரத்துல மட்டும் சிவப்பு கோடு. கூடவே தங்கச்சி கல்யாணப் பாய்க்கும் சொல்லிட்டு வந்தோம். அங்க ஒரு நோட்டுல பேரை எழுதித் தரச் சொன்னாங்க, ஒரு தடவ எழுதினேன், இன்னொரு தடவ கட்டம் போட்ட தாள்ல பெருசா எழுதச் சொன்னாங்க. "எழுத்து மாறிச்சுன்னா பாயையே பிரிக்கணும் தாயி, கல்யாண வீட்ல யாரு மொகத்துல முழிக்கிறது"ன்னாங்க அந்தக்கா. 9,500 ரூபா, அதுல பாதி அட்வான்ஸ். ஒரு மாசம்னு சொன்னாங்க, அஞ்சு வாரம் ஆச்சு, இடையில மூணு நாள் மழை, கோரை காயலன்னு போன்ல சொல்லிட்டாங்க. கல்யாணத்துக்கு வாங்குறவங்க ரெண்டு மாசம் முன்னாடியே சொல்லிடுங்க, கடைசி நேரத்துல அவசரப்படுத்துனா நல்லா வராது.

அந்தப் பாய் வந்த அன்னைக்கு வீட்ல எல்லாரும் சுத்தி உக்காந்துட்டோம். சுருட்டி துணியில கட்டி வந்துச்சு, பிரிச்சா சத்தமே இல்ல, மொற மொறன்னு ஒரு கோரைச் சத்தம் வருமே, அது இல்ல. பட்டுச்சேலை மாதிரி சரியுது. எங்க மாமா ஒருத்தர் கைக்குட்டை மாதிரி நாலா மடிச்சு சட்டைப் பைக்குள்ள ஒரு முனையை விட்டுப் பாத்தாரு, எங்களுக்கெல்லாம் நெஞ்சு பதறிடுச்சு, விரிச்சுப் பாத்தா ஒரு கோடு விழல. தலைமாட்டுல ரெண்டு பேர், கால்மாட்டுல கல்யாணத் தேதி. எழுத்தைக் கிட்ட வச்சுப் பாத்தீங்கன்னா வளைவு எல்லாம் படிப்படியா இறங்கும், நம்ம தமிழ் எழுத்து பூரா வளைவுதானே, அதை நேர் இழையில கொண்டு வரணும். மாப்பிள்ளை பேர்ல கடைசியில ஒரு ன் வரும், அதோட புள்ளி ஒரு குட்டி கட்டமா, அரிசி நொய் அளவுல, அச்சு பிசகாம உக்காந்திருக்கு. அந்தப் புள்ளியை நான் எத்தனை தடவ தொட்டுப் பாத்தேன்னு தெரியல. அந்தப் பாய் தங்கச்சி வீட்ல இருக்கு, கல்யாணம், வளைகாப்பு, குழந்தைக்குப் பேர் வச்ச அன்னைக்குன்னு மூணு தடவதான் விரிச்சிருக்காங்க. தினமும் படுக்க இது வேண்டாம்ங்கிறதுதான் என் கருத்து, அது விசேசத்துக்கானது.

தினமும் படுக்க எதுன்னு கேட்டா, கண்ணை மூடிக்கிட்டு அந்த 900 ரூபா சாதா பாய்தான். நாலு வருசமா சென்னையில ஒவ்வொரு சித்திரை வைகாசியும் அதுலதான் தூக்கம். பிளாஸ்டிக் பாயில படுத்தா அரை மணி நேரத்துல முதுகு நச நசன்னு ஆயிடும், எழுந்தா பாயும் கூடவே ஒட்டிட்டு வரும். கோரையில வேர்வை நிக்காது, திரும்பிப் படுத்தா முன்னாடி படுத்த இடம் அதுக்குள்ள குளுந்திருக்கும். கரண்ட் போன ராத்திரியில இதோட அருமை தெரியும். முதல் ஒரு மாசம் ஒரு வாசம் வரும், மழை பேஞ்சு விட்ட வாய்க்கால் கரையில நின்னா வருமே, அந்த வாசம், என் வீட்டுக்காரருக்கு அது என்னன்னு தெரியல, எனக்கு அந்த ஒரு மாசமும் ஆச்சி வீட்டுல படுத்திருக்கிற மாதிரியே இருந்துச்சு. தங்கச்சி குழந்தையை தொட்டில்ல இருந்து இறக்கினா இந்தப் பாயிலதான் விடுவோம், குப்புற விழுந்து நீந்தப் பழகினதே இதுலதான்.

குறை இல்லாம இல்ல. பெரிய குறை சாயம். வாங்கி ரெண்டாவது வாரம் ஈரத்துணியால துடைச்சேன், சிவப்பு கோடு இளகி பக்கத்துல இருந்த வெள்ளை பெட்ஷீட்ல இறங்கிடுச்சு, போகவே இல்ல. போன் போட்டுச் சொன்னேன். அந்தக்கா மழுப்பல, "முன்ன சப்பங்கட்டையை வேக வச்சு சாயம் எடுத்தாங்க, அது பிடிச்சா பிடிச்சதுதான், இப்ப கடைக் கலருதான் தாயி, மொத ரெண்டு தடவ விடத்தான் செய்யும், அடுத்த தடவ கலரே இல்லாத பாய் கேட்டு வாங்கு"ன்னாங்க. அதனால வெறும் கோரை நிறத்துலயே, கலர் இல்லாம கேட்டு வாங்குங்க, வருசம் போகப் போக அது தேன் நிறத்துக்கு வரும், அதுவே தனி அழகு. கலர்தான் வேணும்னா முதல் ரெண்டு தடவ பழைய துணியை வச்சுத் துடைச்சு நிழல்ல காயப் போடுங்க.

ரெண்டாவது குறை மழைக்காலம். சென்னையில கார்த்திகை மாசம் ஒரு வாரம் விடாம மழை, பாயைச் சுருட்டி செவரோரம் சாத்தி வச்சுட்டு நான் ஊருக்குப் போயிட்டேன், வந்து பாத்தா அடிப்பக்கம் கருப்பு கருப்பா பூசணம். வெயில்ல ஒரு மணி நேரம் காட்டி காஞ்ச துணியால அழுத்தித் துடைச்சதுல முக்கால்வாசி போச்சு, நாலஞ்சு புள்ளி இன்னும் இருக்கு. ஈரச் செவருல சாத்தாதீங்க, தரையில இருந்து கொஞ்சம் தூக்கி வைங்க, சுருட்டும்போது உள்ள காஞ்ச வேப்பிலை போடுங்க. சாதா பாயை மடிக்கவே கூடாது, சுருட்டத்தான் செய்யணும். நாள் பூரா வெயில்ல போட்டா நிறமும் போகும், கோரையும் வெட வெடன்னு ஆகி ஒடியும்.

முட்டி வலி இருக்கிறவங்களுக்கு தரையில படுத்து எந்திரிக்கிறது கஷ்டம். அம்மாவுக்கு இப்ப முடியல, அதனால கட்டில்ல மெத்தை மேலயே பாயை விரிச்சிடுறோம், மெத்தைச் சூடு தெரியலன்னு சொல்றாங்க. ஆனா மூணரை அடிப் பாய் கட்டிலுக்கு ஓரத்துல தொங்குது, தொங்குற இடத்துல உக்காந்து எந்திரிச்சு ஓரக் கோரை ரெண்டு மூணு விட்டுப் போச்சு. கட்டிலுக்கு வாங்குறவங்க அளவு குடுத்துச் செய்யச் சொல்லுங்க, கேட்டா அளவுக்கு நெய்ஞ்சு தர்றாங்க.

வாங்கப் போறவங்க என்ன பாக்கணும்னா, அம்மா செஞ்ச மாதிரி முதல்ல கையைத்தான் வைக்கணும். நல்ல கைத்தறிப் பாயில உள்ளங்கை குறுக்க போனாலும் நெடுக்க போனாலும் வழுக்கிட்டுப் போகும், எங்கயும் தட்டாது. அப்புறம் பாயைத் திருப்பி பின்பக்கம் பாருங்க, பாவு நூல் பருத்தியா நைலானான்னு அங்க தெரியும், நைலான்னா விளக்கு வெளிச்சத்துல பளபளன்னு மின்னும். ஒரு ஓரத்தை மெதுவா வளைச்சுப் பாருங்க, சோறு எடுக்காத கோரைன்னா அப்பவே நற நறன்னு சத்தம் போடும். பத்தமடைப் பாய்க்கு புவிசார் குறியீடு இருக்கு, ஆனா அது இருக்குன்னு சொல்லி யாரு வேணும்னாலும் லேபிள் ஒட்டுறாங்க, அதனால லேபிளை விட உங்க கையை நம்புங்க. ஊருக்குப் போக முடிஞ்சா போயிடுங்க, முடியலைன்னா அரசாங்கத்தோட பூம்புகார் கடையில கேட்டுப் பாருங்க, எல்லா நாளும் ஸ்டாக் இருக்கும்னு சொல்ல முடியாது.

விலையைப் பத்தி ஒரு வார்த்தை. 9,500னு சொன்னப்ப எங்க கூட வந்த சித்தப்பா பேரம் பேச ஆரம்பிச்சாரு, அம்மா சட்டுனு கையைப் பிடிச்சு நிறுத்திட்டாங்க. அந்தக் காசுல கோரை வாங்கின காசு, நூல், சாயம் போக, கிழிக்கிற பாட்டிக்கும் நெய்யுற அக்காவுக்கும் ஒரு மாசக் கூலி அது. ஆத்தங்கரைக் கோரை முன்ன மாதிரி கிடைக்காம இப்ப கரூர் பக்கத்துல இருந்து கட்டு கட்டா வரவழைக்கிறோம், அந்த லாரி வாடகையும் இதுலதான்னு அந்தக்கா சொன்னாங்க. அவங்க ரெண்டு மகளுங்களும் இந்த வேலைக்கு வரல, ஒருத்தி துணிக்கடைக்குப் போறா, இன்னொருத்தி நர்சிங் படிக்கிறா. பாட்டி மாதிரி கிழிக்க அந்தத் தெருவுல இப்ப எத்தனை பேருன்னு கேட்டேன், அந்தக்கா ஒரு கை விரலை மடக்கி எண்ணிப் பாத்தாங்க, அஞ்சாவது விரலை மடக்கல. தயவுசெஞ்சு அங்க போய் பேரம் பேசாதீங்க.

ஆன்லைன் பாய்க்கு ஒரு ஸ்டார் கூட கிடையாது. சாதா பாய்க்கு நாலு, சாயம் இளகினதுக்கு ஒண்ணு குறைச்சிருக்கேன். பட்டுப்பாய்க்கு அஞ்சுக்கு அஞ்சு.

போன வாரம் அம்மா கட்டிலுக்கு ஆறுக்கு மூணு அளவுல, கலர் இல்லாம, ஓரம் துணி வச்சுத் தைச்சு ஒண்ணு வேணும்னு திரும்ப போன் போட்டேன். அந்தக்காதான் எடுத்தாங்க, பாட்டிக்கு கண்ணுல புரை எடுத்திருக்காங்களாம், வைகாசிக்குள்ள திரும்ப உக்காந்திருவாங்கன்னு சொன்னாங்க, வேற ஆள் கிழிச்ச கோரைன்னா இப்பவே தரலாம், பாட்டி கிழிச்சதுதான் வேணும்னா காத்திருக்கணும்னாங்க. அம்மாகிட்ட கேட்டேன். காத்திருக்கலாம்னு சொல்லிட்டாங்க. பாய் வந்ததும் இதுலயே எழுதுறேன்.